ஆற்று மணலும் அன்றாடக் கூலியும்

ஆற்று மணல் எவருக்கு உரியது என்ற வினா முன்னோர் காலத்தில் எழுந்ததில்லை. முற்றத்திற் பரப்புவதற்கும், திருவிழாப் பந்தலிற் கொட்டுவதற்கும், கடலை வறுப்பதற்கும் ஒரு கடகம் மணலை அள்ளிச் சென்றவனை எவரும் மறித்ததில்லை. ஆறு ஊராருக்குப் பொது. அதன் மணலும் அப்படியே. உரோமப் பேரரசன் யஸ்தீனியன் காலத்தில், கி.பி. 533-ஆம் ஆண்டில் வெளிவந்த சட்டநூலும் காற்று, ஓடும் நீர், கடல், கடற்கரை ஆகியவை இயற்கை நியதிப்படி மாந்தர் யாவர்க்கும் பொதுவானவை என்றே வகுத்தது. எடுத்த அளவு சிறிதாயிருந்த காலம்வரை, வழக்குக்கும் இடம் சிறிதாகவே இருந்தது.

இன்றோ நிலைமை வேறு. உலகம் ஆண்டுதோறும் ஏறத்தாழ 5,000 கோடி தொன் மணலையும் சரளையையும் பயன்படுத்துகின்றதென ஐக்கிய நாடுகள் சுற்றாடல் நிகழ்ச்சித்திட்டம் 2022-ஆம் ஆண்டு அறிக்கையிற் கணக்கிட்டது. நீருக்கு அடுத்தபடியாக மனிதன் மிகுதியாக எடுத்தாளும் இயற்கைப் பொருள் இதுவே. பொருளின் பெறுமதி உயர்ந்ததும் அதற்கு உரிமையாளர் தோன்றினர். உரிமையாளர் தோன்றியதும் வழக்குகள் தோன்றின. அவ்வழக்குகளில் மூவகையார் சம்பந்தப்பட்டுள்ளனர். மணலைத் தன் சொத்தென்று கூறி உத்தரவு வழங்கும் அரசு ஒருபுறம். கிணறும் வயலும் பாழாகின்றன என்று முறையிடும் ஆற்றோரத்து மக்கள் மறுபுறம். இவ்விருவர் குரலும் நீதிமன்றத்திற் கேட்கின்றது. மூன்றாமவன் ஆற்றில் இறங்கி மணலை வாரிச் சுமப்பவன். தீர்ப்பு எவர் பக்கம் சாய்ந்தாலும் மறுநாட் கூலியை இழப்பவன் அவனே. ஆயினும் வழக்கேட்டில் அவன் பெயர் அரிதாகவே காணப்படுகின்றது. இதன் வரலாற்றை அறிதற்கு நம் அண்டை நாட்டின் கேரளத்தையும், அங்கே பாயும் பாரதப்புழை என்னும் ஆற்றையும் எடுத்துக்கொள்வது பொருத்தமாகும்.

பேராறு என்றும் நிளா என்றும் பொன்னானி ஆறு என்றும் பெயர் பெற்ற இப்பாரதப்புழை, தமிழ்நாட்டை அடுத்த ஆனைமலைப் பகுதியில் தோன்றி, பாலக்காட்டுக் கணவாய் வழியாக மேற்கே திரும்பி, 209 கிலோமீற்றர் ஓடிப் பொன்னானியில் அரபிக் கடலிற் கலக்கின்றது. மாமாங்க விழாவினாற் புகழ்பெற்ற திருநாவாய் இதன் கரையிலுள்ளது. கதகளியைப் பேணிவரும் கேரள கலாமண்டலமும் இதன் கரையிலுள்ள செறுதுருத்தியிலேயே வளர்ந்தது. மழை ஓய்ந்த மாதங்களில் நீர் ஒடுங்க, கரையிலிருந்து கரைவரை வெண்மணல் விரிந்து கிடக்கும். அம்மணற்பரப்பு ஆற்றுக்கு வெறும் அணியன்று. மழைநீரைத் தன்னுள் தேக்கிவைத்து, கோடையில் இரு கரைக் கிணறுகளுக்கும் சிறிது சிறிதாக ஊட்டும் களஞ்சியம் அதுவே.

இந்த ஆற்றுப்படுகை அரசின் சொத்தானது எவ்வாறு? மலபார்ப் பகுதி அந்நாளிற் சென்னை மாகாணத்தைச் சேர்ந்திருந்தது. 1905-ஆம் ஆண்டின் சென்னை நில ஆக்கிரமிப்புச் சட்டம், பொது வழிகள், ஆறுகள், ஓடைகள், ஏரிகள் ஆகியவற்றின் படுகைகள் யாவும், தனியார் உரிமை நிறுவப்பட்டவை நீங்கலாக, அரசாங்கத்தின் சொத்து என்று பிரகடனஞ் செய்தது. சுதந்திரத்தின் பின்னர் 1957-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட இந்தியச் சுரங்க, கனிமச் சட்டம் சாதாரண மணலைச் 'சிறு கனிமம்' என வகைப்படுத்தி, அதற்கு விதிகள் செய்யும் அதிகாரத்தை மாநிலங்களுக்குக் கொடுத்தது. கேரள அரசு 1967-இல் தனக்குரிய சிறு கனிம விதிகளை வகுத்தது. ஊர்ப்பொதுவாயிருந்த மணல் இவ்வாறு அறுபது ஆண்டுகளில் முதலில் அரசின் நிலமாகவும், பின்னர் அரசின் கனிமமாகவும் ஆயிற்று. இவ்விரு மாற்றங்களிலும் மணலை வாருகின்றவனுக்கு யாதொரு உரிமையும் எழுதப்படவில்லை. எழுதவேண்டிய தேவையும் அக்காலத்தில் எவருக்கும் தோன்றவில்லை. ஏனெனில் அது பெருந்தொழிலாக இன்னும் வளரவில்லை.

தொழிலை வளர்த்தவை சமூக மாற்றங்களே. கேரளத்தில் 1970-ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்த நிலச் சீர்திருத்தம் குத்தகையாளரையும் குடிகிடப்பாளரையும் தம் மனைக்கு உரிமையுள்ளோராக்கிற்று. 1972-இல் ஏழை மக்களுக்கு ஓர் இலட்சம் வீடுகள் கட்டும் திட்டம் தொடங்கிற்று. அதே பத்தாண்டிற் பாரசீக வளைகுடா நாடுகளுக்கு ஆயிரமாயிரமாகச் சென்ற இளைஞர் அனுப்பிய பணம் கிராமங்களை அடைந்தது. மண்ணும் செம்பூரான் கல்லும் ஓலையும் கொண்டு வீடு கட்டிய நாடு, சீமெந்தும் இரும்பும் கொண்டு கட்டலாயிற்று. சீமெந்து ஒரு பங்கானால் மணல் பல பங்கு வேண்டும். ஆகவே ஆற்றுத்துறைகள் தோறும் லொறிகள் வந்து நிரை நிரையாக நின்றன. கடவு என்று அங்கே வழங்கும் இத்துறைகள், முன்னர் தோணியேறுவதற்கும் நீராடுவதற்கும் இருந்தவை. இப்பொழுது மணற் சந்தைகளாயின.

அத்துறைகளில் வேலை செய்தோர் பெரும்பாலும் நிலமற்ற குடும்பத்தினர். வயல்கள் தென்னந்தோப்புகளாகவும் மனைகளாகவும் மாற, நடவும் அறுவடையும் குறைந்து, வயற்கூலி இழந்தோர் பலர் ஆற்றுக்கு வந்தனர். நீர் வற்றிய இடத்தில் மண்வெட்டியால் வாரிக் கூடையிலிட்டுத் தலையிற் சுமந்து கரையேற்றுவர். நீர் ஆழமான ஆறுகளில் நாட்டு வள்ளத்தைக் கழியூன்றி நிறுத்தி, மூச்சை அடக்கி மூழ்கி, அடியிலுள்ள மணலைக் கூடையில் நிரப்பி மேலே கொணர்வர். விடியற்காலையில் நீரில் இறங்குபவன் நண்பகல்வரை ஈரத்திலேயே நிற்பான். காது நோயும் மூட்டு நோவும் அவன் தொழிலோடு கூடப் பிறந்தவை. எனினும் கூலி அன்றன்றே கைக்கு வந்தது. வயற்கூலியிலும் அது மிகுதியாயிருந்தது. தொழிற்சங்கங்கள் வலுவாக வேரூன்றிய கேரளத்தில், சுமை ஏற்றி இறக்கும் தொழிலாளருக்கென 1978-ஆம் ஆண்டின் பெயரால் ஒரு தனிச் சட்டமே உண்டு. ஆகையால் எந்தத் துறையில் எவர் சுமை ஏற்றுவது என்பது சங்கங்களின் வழக்கப்படி நிலைபெற்றது. பல குடும்பங்களுக்கு அத்துறையில் வேலை செய்யும் இடமே தந்தை மகனுக்கு விட்டுச்செல்லும் முதுசொம் ஆயிற்று.

ஆனால் ஆறு தன்னிடமுள்ளதையே கொடுக்கவல்லது. மலையிலிருந்து பாறை உடைந்து, உருண்டு, அரைந்து மணலாகிக் கீழே வந்து சேர நெடுங்காலம் வேண்டும். 1955-இல் நிறைவுற்ற மலம்புழை அணையும் பிற அணைகளும் உணவு விளைத்தன. அவையே மேலிருந்து வரும் மணலையும் தடுத்துக்கொண்டன. 'ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு' என்பது நம்மவர் பழமொழி. ஆற்றிலிருந்து எடுப்பதை மட்டும் எவரும் அளக்கவில்லை. திருவனந்தபுரத்துப் புவியறிவியல் ஆய்வாளர் வேம்பநாட்டுக் காயலில் வந்து விழும் ஏழு ஆறுகளை ஆராய்ந்து 2008-ஆம் ஆண்டில் வெளியிட்ட கணக்கு இங்கே குறிக்கத்தக்கது. அவ்வேழு ஆறுகளின் படுகைகளிலிருந்து ஆண்டுக்கு 1 கோடியே 17 இலட்சம் தொன்னுக்கு மேற்பட்ட மணலும் சரளையும் எடுக்கப்பட்டன. மேலிருந்து வந்து சேரும் மணலைப்போல் அது ஏறத்தாழ 40 மடங்கு. அவ்வாறுகளின் மணல் தங்கும் பகுதிகளில் படுகை ஆண்டுக்கு 7 முதல் 15 சதமமீற்றர் வரை தாழ்ந்துகொண்டு சென்றது.

படுகை தாழ்ந்தால் விளைவது யாது? ஆற்றின் நீர்மட்டம் தாழ, அதனோடு தொடர்புள்ள கிணற்று நீரும் தாழும். பாலங்களின் தூண்களைச் சுற்றியுள்ள மணல் நீங்கி அடித்தளம் வெளிப்படும். கரைகள் சரிந்து தென்னையும் வாழையும் ஆற்றில் விழும். கடலை அடுத்த பகுதியில் உவர்நீர் மேலேறிக் குடிநீரைக் கெடுக்கும். பாரதப்புழையில் வெண்மணல் நீங்கிய இடங்களில் சேறும் புல்லும் செடியும் மண்டி, ஆறு தன் உருவையே இழக்கலாயிற்று. கோடையில் அதன் கரையிலேயே குடிநீருக்கு வண்டியை எதிர்பார்க்கும் நிலை வந்தது. அவ்வாறு எதிர்பார்த்து நின்றோருள் மணல் வாரும் தொழிலாளரின் மனைவியரும் இருந்தனர் என்பது இவ்வழக்கின் முழுத் துயரத்தையும் காட்டும். ஆற்றால் உண்டவனும் ஆறு கெட்டதால் வாடியவனும் ஒரே வீட்டில் வாழ்ந்தனர்.

இந்நிலையில் கேரளச் சட்டசபை 2001-ஆம் ஆண்டு ஆற்றங்கரைப் பாதுகாப்பு, மணல் அகற்றல் ஒழுங்காக்கச் சட்டத்தை இயற்றிற்று. தெற்காசியாவில் ஆற்று மணலுக்கென்றே ஆக்கப்பட்ட சட்டங்களுள் இது முன்னோடியானதென்று கூறலாம். மாவட்டந்தோறும் ஒரு வல்லுநர் குழுவும், துறைதோறும் ஒரு கடவுக் குழுவும் அமைக்கப்பட்டன. காலை 6 மணிக்கு முன்னும் பிற்பகல் 3 மணிக்குப் பின்னும் மணல் எடுத்தலாகாது. கரையிலிருந்து 10 மீற்றருக்குள் வாரலாகாது. பாலம், நீர்ப்பாசன அணை, நீரிறைக்கும் நிலையம், வழிபாட்டிடம் ஆகியவற்றுக்கு 500 மீற்றருக்குள் தொடலாகாது. லொறிகள் ஆற்றங்கரைக்கு 25 மீற்றர் அப்பால் நிற்றல் வேண்டும். இயந்திரங்கொண்டு வாருதல் விலக்கப்பட்டது. விற்பனைப் பணத்திற் பாதி, ஆற்றைப் பேணும் நிதி ஒன்றிற் சேர்தல் வேண்டும். சட்டத்தை மீறியவர்க்கு இரண்டாண்டு வரை சிறையோ, 25,000 ரூபாய் வரை குற்றப்பணமோ, இரண்டுமோ விதிக்கப்படும் என்றும் வகுக்கப்பட்டது.

இவ்விதிகளை ஊன்றிப் பார்ப்பவர்க்கு ஒன்று புலனாகும். லொறி 25 மீற்றர் அப்பால் நின்றால், அவ்விடைவெளியை நிரப்புவது மனிதனின் தலைச்சுமையேயாகும். இயந்திரம் விலக்கப்பட்டால் மண்வெட்டியும் கூடையும் எஞ்சும். கரையைக் காக்க எழுந்த விதி கூலியாளையும் காத்தது. மனிதக் கை ஒருநாளில் எடுக்கக்கூடிய அளவுக்கு இயற்கையே ஓர் எல்லை இட்டிருக்கின்றது. உறிஞ்சு குழாய்க்கும் இரும்புக் கரத்துக்கும் அவ்வெல்லை இல்லை. ஆதலால் கையையும் இயந்திரத்தையும் வேறு பிரித்தமை இச்சட்டத்தின் சிறந்த கூறு எனலாம். அதன் குறை யாதெனில், இந்தப் பாதுகாப்புத் தானாக நேர்ந்ததேயன்றித் தொழிலாளனின் உரிமையாக எழுதப்படவில்லை. ஒரு துறை மூடப்பட்டால் அங்கே வேலைசெய்தவர் எங்கே செல்வது என்பதற்கு அச்சட்டத்தில் விடையில்லை.

சட்டம் வந்ததும் வழக்குகளும் பெருகின. கேரள மேல்நீதிமன்றத்தில் தொடுக்கப்பட்டவற்றுட் பல, கைப்பற்றப்பட்ட லொறிகளை விடுவித்தல் பற்றியவை. உத்தரவின்றி மணல் ஏற்றிய வண்டியைக் கைப்பற்றும் அதிகாரம் எவருக்கு, எவ்வளவு பணத்தை ஈடாகக் கட்டினால் விடலாம், வண்டிச் சொந்தக்காரனுக்குத் தெரியாமல் நிகழ்ந்தது என்ற வாதம் செல்லுமா என்பவை அங்கே நீண்ட விவாதத்துக்குள்ளாயின. வண்டிக்கு உரிமையாளன் உண்டு. ஆகவே வண்டிக்காக வாதாட வழக்கறிஞரும் உண்டு. அதே வண்டியில் மணல் ஏற்றி, அன்றைய கூலியைப் பெறாது கலைந்து சென்றவனுக்கு அந்நீதிமன்றத்தில் வழக்கு இல்லை. அவன் இழந்தது சொத்தன்று, வேலையே. சொத்தை இழந்தவனுக்குச் சட்டம் வாயில் திறக்கின்றது; வேலையை இழந்தவன் எந்த வாயிலில் நிற்பதென்று அறியான்.

இந்திய அரசியலமைப்பில் அத்தகைய வாயில் ஒன்று இல்லாமற் போகவில்லை. உயிர் வாழும் உரிமையைப் பேசும் 21-ஆம் உறுப்புரையே அது. பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 1985-ஆம் ஆண்டு யூலை 10-ஆந் திகதி அளித்த தீர்ப்பில், உயிர் வாழும் உரிமையில் பிழைப்புக்கான வழியும் அடங்கும் என்று கூறியது. பிழைக்கும் வழியைப் பறிப்பது உயிரைப் பறிப்பதற்கு ஒப்பாகும் என்பது அதன் கருத்து. ஆனால், முறையான நடவடிக்கைப்படி அவர்களை அகற்றலாம் என்றும் அதே தீர்ப்புக் கூறிற்று. 1991-ஆம் ஆண்டில், அதே 21-ஆம் உறுப்புரையிலிருந்தே, மாசற்ற நீருக்கும் காற்றுக்கும் மக்களுக்குள்ள உரிமையும் பிறக்கின்றதென அந்நீதிமன்றம் பிறிதொரு வழக்கில் எடுத்துரைத்தது. ஒரே உறுப்புரை ஆற்றோரத்தாருக்கு நீரையும் ஆற்றிலிறங்குவோருக்குப் பிழைப்பையும் வாக்களித்தது. இரண்டும் மோதும்போது எது வெல்லும்?

அதற்குரிய விடை ஓரளவு முன்னரே சொல்லப்பட்டிருந்தது. கங்கையை மாசுபடுத்திய கான்பூர்த் தோற்பதனிடும் சாலைகளைப் பற்றிய வழக்கில், 1987-ஆம் ஆண்டு, அவற்றை மூடுவதால் வேலையின்மையும் வருமான இழப்பும் நேரலாம். எனினும் மக்களின் உயிரும் உடல்நலமும் இயற்கைச் சூழலும் அவற்றிலும் முதன்மையானவை என்று நீதிபதி கே. என். சிங் கருத்துரைத்தார். தமிழ்நாட்டுக் கருங்கல் வழக்கொன்றில் 1981-இல் அளித்த தீர்ப்பில், கனிமக் குத்தகையைப் பெறவோ புதுப்பிக்கவோ எவருக்கும் நிலைத்த உரிமை இல்லை என்று நீதிமன்றம் முடிபு செய்தது. இமாசலப் பிரதேசத்தில் ஒரு விடுதியின் நலனுக்காகப் பியாஸ் ஆற்றின் போக்கை மாற்றிய வழக்கில், 1996-ஆம் ஆண்டு டிசெம்பரில், ஆறுகள் அரசின் சொத்தல்ல, மக்களின் பொருட்டு அரசு காத்துநிற்கும் பொது நம்பிக்கைப் பொருள் என்ற கோட்பாட்டை அது இந்தியச் சட்டத்தின் ஒரு பகுதியாக ஏற்றது. உரோமர் கால எண்ணம் இவ்வாறு புத்துருவிலே திரும்பி வந்தது. இத்தீர்ப்புகள் யாவும் ஆற்றுக்கு வலிமை சேர்த்தன. குத்தகையாளருக்கே நிலைத்த உரிமை இல்லையென்றால், அவர் கீழ் வேலைசெய்யும் கூலியாளுக்கு எங்கிருந்து வரும்?

பின்னர் வந்தது நாடு முழுவதையும் தொட்ட தீர்ப்பு. அரியானா அரசு 2011-இல் ஆற்றுப்படுகைகளை ஏலமிட வெளியிட்ட அறிவித்தல்களை எதிர்த்து எழுந்த வழக்கில், 2012-ஆம் ஆண்டு பெப்ரவரி 27-ஆந் திகதி உச்ச நீதிமன்றம் ஒரு கட்டளை பிறப்பித்தது. அதுவரை 5 ஹெக்டேயருக்குக் குறைந்த சிறு கனிமக் குத்தகைகளுக்குச் சுற்றாடல் அனுமதி வேண்டியதில்லை. பெரிய பரப்புகளைச் சிறு துண்டுகளாக வெட்டி விதியைத் தப்பும் வழக்கம் பரவியிருப்பதை நீதிபதிகள் கண்டனர். ஆகவே 5 ஹெக்டேயருக்குக் குறைந்தவற்றுக்கும் அனுமதி இன்றியமையாதது என்றனர். 2013-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 5-ஆந் திகதி தேசிய பசுமைத் தீர்ப்பாயம் அவ்வனுமதி இல்லாத ஆற்று மணல் அகழ்வை நாடெங்கும் தடுத்தது. நோக்கம் குறைகூற முடியாதது. ஆனால் சுற்றாடல் அனுமதி பெறுவதற்கு அளவையாளர் வேண்டும், அறிக்கை வேண்டும், பொருளும் காலமும் வேண்டும். பெருமுதல் உடையவன் அவற்றைத் தேடிக்கொள்வான். சிறு துறையை நம்பிய கூலியாளர் கூட்டத்துக்கு அது கைக்கெட்டாத ஒன்றாயிற்று.

இதனை மத்திய அரசு அறியாமலில்லை. 2016-ஆம் ஆண்டு சனவரி 15-ஆந் திகதி வெளியான அறிவித்தலில், அனுமதி வேண்டாத சில செயல்கள் பட்டியலிடப்பட்டன. குயவர் மட்பாண்டத்துக்காகக் கையால் எடுக்கும் களிமண்ணும் மணலும், ஓடு செய்வோர் எடுக்கும் மண், வெள்ளத்தின் பின் உழவர் தம் வயலிலிருந்து அகற்றும் மணல், ஊரார் தம் சொந்தத் தேவைக்கும் பொது வேலைக்கும் வழக்கப்படி எடுப்பது ஆகியவை அதில் இடம் பெற்றன. அவற்றோடு, குசராத்தில் வஞ்சாரா, ஓட் என்னும் சமூகத்தார் மரபாகச் செய்துவரும் மணல் தொழிலும் பெயர் குறித்துச் சேர்க்கப்பட்டது. அதற்குக் காரணம், அம்மாநில அரசு 1990-ஆம் ஆண்டு பெப்ரவரியிலேயே அவர்களுக்கென்று ஓர் அறிவித்தலை வெளியிட்டிருந்தமை. இருபத்தாறு ஆண்டுகளுக்கு முன் எழுதிவைத்த ஒரு தாள் அவர்களைக் காத்தது. கேரளத்திலும் பிற இடங்களிலும் அதே போன்ற மெய்வருத்தத்தோடு அதே மணலைக் கையால் வாரியோர் எந்தத் தாளிலும் எழுதப்படாதிருந்தமையால் பட்டியலுக்கு வெளியே நின்றனர். இவ்வரலாறு முழுவதிலும் தொழிலாளர் நலத்தை நாடுவோர் கருத்தில் இருத்தத்தக்க செய்தி இதுவே.

அதன் பின் கேரள ஆறுகளில் உத்தரவு பெற்ற மணல் வாரல், 2010-களின் நடுவிற் பெரும்பாலும் நின்றுபோயிற்று. எவ்வளவு மணல் உண்டு, எவ்வளவு எடுக்கலாம் என்று ஆறுதோறும் கணக்காய்வு நிகழ்த்திய பின்னரே மீண்டும் தொடங்குவது என்ற கொள்கை மேலோங்கிற்று. வீடு கட்டுவோர் கருங்கல்லைப் பொடித்துச் செய்த மணலுக்கு மாறினர். அந்தத் தொழிலின் பெரும்பகுதியை இயந்திரம் செய்கின்றது. ஆற்றுத்துறையில் நின்றவரில் மிகச் சிலருக்கே அங்கே இடமுண்டு. அதுவும் ஆற்றின் சுமையை மலையின்மேல் ஏற்றியதே ஆயிற்று. ஆற்றுத் தொழிலாளருட் சிலர் மேசன்மாருக்கு உதவியாளராயினர். சிலர் மீன்பிடிக்கச் சென்றனர். வேறு சிலர் இரவில் அதே ஆற்றில் இறங்கினர். பகலில் தொழிலாளியாயிருந்தவன், அதே வேலையை இரவிற் செய்ததால் குற்றவாளியானான்.

முழுத்தடையின் இப்பக்கத்தையும் உச்ச நீதிமன்றம் பின்னர் நோக்கிற்று. பீகார் மாநில மணல் வழக்கில், 2021-ஆம் ஆண்டு நவெம்பர் 10-ஆந் திகதி, சட்டப்படியான அகழ்வை முற்றாகத் தடுத்தால் சட்டவிரோத அகழ்வு காளான்போல் முளைக்கின்றது. அதனால் மோதல்களும் குற்றங்களும் சிலவேளை உயிரிழப்பும் நேர்கின்றன. அரசுக்கும் பெரும் வருமானம் இழப்பாகின்றது என்று அது சுட்டிக்காட்டியது. மாவட்டந்தோறும் மணல் அளவை அறிக்கையைப் புதிதாக ஆயத்தஞ் செய்யுமாறும் கட்டளையிட்டது. ஆற்றைக் காப்பதற்கு விலக்கு மட்டும் போதாது, அளவும் வேண்டும் என்பதை நீதிமன்றம் இவ்வாறு தன் அனுபவத்தால் உணர்ந்து உரைத்தது.

இவ்வரலாறு இலங்கையருக்கு அயலார் கதையன்று. இங்கும் 1992-ஆம் ஆண்டின் 33-ஆம் இலக்கச் சுரங்கங்கள், கனிப்பொருள்கள் சட்டத்தின் கீழ் நிறுவப்பட்ட பணியகமே மணல் அகழ்வுக்கு உத்தரவுப்பத்திரம் வழங்குகின்றது. மகா ஓயா, தெதுறு ஓயா ஆகியவற்றின் படுகைகள் மிகையான அகழ்வினாற் பள்ளமாயின. களனி கங்கையில் வறட்சிக் காலத்தில் உவர்நீர் மேலேறுவதைத் தடுத்து, அம்பத்தலைக் குடிநீர் நிலையத்தைக் காக்க மணல் மூட்டைகளால் அணையிட நேர்ந்தது. ஆறில்லாத யாழ்ப்பாணக் குடாநாட்டில் வடமராட்சி கிழக்கின் மணற்குன்றுகளே கட்டட மணலுக்கு ஆதாரமாயின. அக்குன்றுகள் கடற்காற்றுக்கு அரணாகவும் நன்னீருக்குக் கொள்கலமாகவும் நிற்பவை. அங்கும் மணல் ஏற்றும் உழவியந்திரத்தின் பின்னால் அன்றாடக் கூலிக்கு நிற்போர் கடற்றொழிலோ பயிரோ கைகொடாத குடும்பத்தினரே.

2000-ஆம் ஆண்டு யூன் மாதத்தில் இலங்கை உயர்நீதிமன்றம் அளித்த எப்பாவலைத் தீர்ப்பு இவ்விடத்தில் ஒப்பிட்டு நோக்கத்தக்கது. அங்கே பொசுபேற்றுப் படிவை அந்நிய நிறுவனத்தின் பங்குடன் பேரளவில் அகழ்ந்தெடுக்கும் திட்டத்தை எதிர்த்து நின்றோர் அவ்வூர்க் குடிகள். தம் நிலமும் தொழிலும் குடியிருப்பும் அழியும் என்று அவர்கள் முறையிட்டனர். அரசியலமைப்பின் 12, 14-ஆம் உறுப்புரைகள் தரும் சமத்துவ உரிமைக்கும் தொழில் செய்யும் உரிமைக்கும் விரும்பிய இடத்தில் வாழும் உரிமைக்கும் ஊறு நேரவிருக்கின்றது என நீதிமன்றம் கண்டு அவர்களுக்கு நீதி வழங்கிற்று. அவ்வழக்கில் இயற்கையும் பிழைப்பும் ஓரணியில் நின்றன. மணல் வழக்கிலோ அவை எதிரெதிராக நிற்பதுபோற் காண்கின்றது. உற்று நோக்கினால் மணல் வழக்கிலும் பிழைப்பு இருபுறமும் உண்டு. கிணறு வற்றிய தோட்டக்காரனின் பிழைப்பு ஒருபுறம், மணல் வாரியவனின் பிழைப்பு மறுபுறம். அளவோடு எடுத்த காலத்தில் இவ்விருவருக்கும் பகை இருந்ததில்லை.

இனி வருங்காலம் கடல் மணலின் காலம் என்பர். முத்துராசவெலப் பகுதியிற் கடலடியிலிருந்து உறிஞ்சியெடுத்த மணல் கட்டடங்களுக்குப் பயன்படுகின்றது. கொழும்புத் துறைமுக நகருக்கான 269 ஹெக்டேயர் நிலமும் கடலடி மணலைத் தோண்டிக் கொணர்ந்து ஆக்கப்பட்டு, 2019-ஆம் ஆண்டு தொடக்கத்தில் நிறைவுற்றது. அவ்வேளை தம் மீன்பிடிப்பு நிலங்கள் கெடுமென்று நீர்கொழும்புப் பகுதிக் கடற்றொழிலாளர் எதிர்த்து நின்றனர். உறிஞ்சுகப்பல் ஒன்று சிலர் கையால் இயங்கி, ஆயிரவர் கூடையால் வாரும் மணலை வாரிவிடும். ஆற்றைக் காக்க அது உதவக்கூடும்; ஆற்றுத் தொழிலாளனுக்கு அது வேலை தராது. கடற்றொழிலாளனின் வேலையையும் அது தொடக்கூடும்.

ஆதலின் சட்டஞ் செய்வோர் கருதவேண்டியவை சில உள. எடுக்கும் மணலை ஆறுதோறும் ஆண்டுதோறும் அளத்தல் வேண்டும். கையால் வாருதலையும் இயந்திரத்தால் வாருதலையும் கேரளச் சட்டம்போல் வேறு பிரித்தல் வேண்டும். ஒவ்வொரு துறையிலும் மெய்யாக வேலைசெய்வோரின் பெயரை இடாப்பிற் பதிந்து, அவர்தம் சங்கத்துக்கே உத்தரவில் முதலிடம் அளித்தல் வேண்டும். துறை மூடப்படுமாயின், கரை கட்டுதல், மரம் நடுதல், தூர் அகற்றுதல் ஆகிய ஆற்றுச் சீரமைப்பு வேலைகளுக்கு அதே இடாப்பிலுள்ளோரையே அமர்த்தி, மணல் வருமானத்தால் உண்டான நிதியிலிருந்து கூலி கொடுத்தல் வேண்டும். ஆற்றின் ஆழமும் சுழியும் சரிவும் அவர்களினும் நன்கறிந்தவர் இலர். அதை வாரிய கைகளே அதைப் பேணவும் வல்லவை.

நீதிமன்றங்கள் தம் முன் வந்த வழக்கைத் தீர்க்கவல்லன. வராதவனின் வழக்கைத் தீர்ப்பது அவற்றின் வேலையன்று. அவனை முன்கூட்டியே எழுத்தில் ஏற்றிவைப்பது சட்டசபைகளினதும் உள்ளூராட்சி மன்றங்களினதும் தொழிற்சங்கங்களினதும் கடமை. குசராத்தின் அந்த 1990-ஆம் ஆண்டு அறிவித்தல் அதற்குச் சான்றாகும். மணலை அளந்து எழுதும் ஏட்டிலேயே, அதை வாரும் மனிதனின் பெயரையும் அவன் கூலியையும் எழுதிவைத்தால், ஆறும் வாழும். அதனை நம்பிய குடியும் வாழும்.